பூ நிறையப் பூக்கிறது, காய் ஏன் பிடிக்கவில்லை? திருகோணமலைத் தோட்டக்காரரின் கேள்விகளும் பதில்களும்

உப்புவெளி, நிலாவெளி, தம்பலகாமம், மூதூர் என்று எங்கு போனாலும், வளவில் நாலு கொடி வைத்திருப்பவர்கள் கேட்பவை இவை. பள்ளிக்கூடப் பிள்ளைகள் கேட்டவையும் நடுவில் இருக்கின்றன. முக்கால்வாசிக் கேள்விகளுக்கு அடியில் ஒரே விஷயம்தான் கிடக்கிறது. ஒவ்வொரு பூவுக்கும் ஒரு நேரம் உண்டு. அந்த நேரத்தில் மகரந்தத்தைக் கொண்டுவர யாராவது வர வேண்டும். பசளைக் கடைக்கும் மருந்துக் கடைக்கும் போகுமுன், பூ விரியும் நேரத்தில் பக்கத்தில் போய்க் கொஞ்ச நேரம் நின்று பாருங்கள் என்றுதான் எல்லோருக்கும் முதலில் சொல்வேன்.

செடி எதற்காகப் பூக்கிறது?

வித்து உண்டாக்க. சாமிக்குச் சாத்துவதும் தலையில் வைப்பதும் நாம் பிறகு கண்டுபிடித்த பயன்கள். செடி தன் இனத்தைப் பெருக்க வைத்திருக்கும் உறுப்புத்தான் பூ.

வாசலில் நிற்கும் ஒற்றை இதழ்ச் செவ்வரத்தையில் ஒன்றைப் பறித்துக் கையில் வைத்துப் பாருங்கள். வெளியே பச்சையாக இருப்பது புல்லி. மொட்டாக இருந்தபோது பூவை மூடிக் காத்தது அது. சிவப்பு இதழ்கள் அல்லி. நடுவில் நீண்டு வெளியே வரும் தண்டைக் கவனியுங்கள். அதன் மேற்பாதியைச் சுற்றி மஞ்சள் தூள் பூசிய சிறு உருண்டைகள் நிற்கும். அவை மகரந்தக்கூடுகள், தொட்டால் தூள் விரலில் ஒட்டும். தண்டின் உச்சியில் ஐந்து சிறு சிவப்புப் பொட்டுகள், வெல்வெட் துணி போல மென்மையாக இருக்கும். அதுதான் குறி, மகரந்தம் வந்து சேர வேண்டிய இடம். இப்போது பூவின் அடியை ஒரு பிளேட்டால் நெடுக வெட்டுங்கள். ஐந்து அறைகளுள்ள சூலகமும் அதற்குள் ஊசிமுனை அளவில் வெள்ளைச் சூல்வித்துகளும் தெரியும். ஒவ்வொன்றும் ஒரு வித்தாகக் கூடியது. புத்தகப் படத்தைப் பத்துத் தரம் வரைவதைவிட ஒருதரம் இப்படி வெட்டிப் பார்த்தால் பிள்ளைகளுக்கு மறக்காது.

மகரந்தச் சேர்க்கை, கருக்கட்டல் இரண்டும் ஒன்றா?

இல்லை. பரீட்சையில் பிள்ளைகள் அதிகம் குழம்பும் இடம் இது. மகரந்தமணி குறியில் வந்து விழுவது மகரந்தச் சேர்க்கை. அத்தோடு வேலை முடியவில்லை. விழுந்த மணி அங்கே முளைத்து, ஒரு மெல்லிய குழாயைக் கீழ்நோக்கி விடுகிறது. அந்தக் குழாய், குறியைத் தாங்கும் காம்பாகிய தம்பத்துக்குள்ளால் இறங்கிச் சூல்வித்தை அடைந்து, அதற்குள் இருக்கும் முட்டைக்கலத்தோடு ஆண் கலம் சேர்ந்தால்தான் கருக்கட்டல்.

சோளப்பொத்தியின் தலையில் தொங்கும் நார் இதற்கு நல்ல சாட்சி. அந்த நார் ஒவ்வொன்றும் ஒவ்வொரு மணிக்கு உரிய தம்பம். நுனியில் விழுந்த மகரந்தத்தின் குழாய், நார் முழுவதையும் கடந்து உள்ளே இருக்கும் மணிக்கு வந்து சேர ஏறத்தாழ ஒரு நாள் பிடிக்கும். எந்த நாருக்கு மகரந்தம் கிடைக்கவில்லையோ அந்த இடத்தில் மணி இருக்காது. பல் விழுந்த பொத்தி என்று நாம் ஒதுக்கி வைப்பது அதைத்தான். சோளம் காற்றை நம்பியிருக்கும் பயிர். அதனால் ஒரே நீட்டு வரிசையாக நடாமல், நாலைந்து குறு வரிசைகளாகச் சதுரமாக நட்டால் பொத்தி நிரம்பும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். மகரந்தக்குழாய் கொண்டுவருவது ஓர் ஆண் கலத்தை அல்ல, இரண்டை. ஒன்று முட்டைக்கலத்தோடு சேர்ந்து முளையமாகிறது. மற்றது முளையத்துக்கு உணவாகும் வித்தகவிழையத்தை உண்டாக்குகிறது. இதை 1898இல் ரஷ்யத் தாவரவியலாளர் செர்கேய் நவாஷின் கண்டறிந்தார். நாம் உண்ணும் சோற்றில் பெரும்பகுதி அந்த இரண்டாவது சேர்க்கையில் வந்ததுதான். தேங்காய்ச் சொட்டும் இளநீரும்கூட அப்படித்தான்.

பூசணியில் பிஞ்சு வருகிறது, நாலு நாளில் மஞ்சளாகி விழுந்துவிடுகிறது. என்ன மருந்து அடிக்கலாம்?

மருந்தை இப்போதைக்கு ஒதுக்கி வையுங்கள். பூசணிக் கொடியில் ஆண் பூ வேறு, பெண் பூ வேறு. ஆண் பூவுக்கு மெல்லிய நீண்ட காம்பு. பெண் பூவுக்கு இதழுக்குக் கீழே குண்டாக ஒரு குட்டிக் காய் இருக்கும். அந்தக் குட்டிக் காயைக் கண்டுதான் எல்லோரும் பிஞ்சு பிடித்துவிட்டது என்று சந்தோஷப்படுகிறார்கள். அது பூ விரியுமுன்னரே இருக்கும் சூலகம். மகரந்தம் கிடைத்தால் பருக்கும், கிடைக்காவிட்டால் சுருங்கி மஞ்சளாகி விழும்.

முதலில் வரும் பூக்கள் பெரும்பாலும் ஆண் பூக்கள். அவை உதிர்வது இயல்பு, பயப்பட ஒன்றுமில்லை. கடும் வெயிலிலும், யூரியா மிஞ்சிப் போனாலும் ஆண் பூ கூடும், பெண் பூ குறையும். கொடி மட்டும் கரும்பச்சையாக வளவு முழுக்க ஓடும்.

பூசணிப் பூ விடியும்போது விரிந்து மதியத்துக்குள் வாடிச் சுருண்டுவிடும். ஒரு பூவுக்கு ஒரு காலைதான். அந்தச் சில மணி நேரத்துக்குள் தேனீ வந்தாக வேண்டும். காலை ஆறரை, ஏழு மணிக்குப் போய்ப் பாருங்கள். ஒன்றும் வரவில்லையென்றால் நீங்களே செய்யலாம். அன்று விரிந்த ஆண் பூ ஒன்றைக் காம்போடு பறித்து, இதழ்களைக் கிழித்து எறியுங்கள். நடுவில் நிற்கும் மஞ்சள் தண்டை, அன்று விரிந்த பெண் பூவின் நடுவிலுள்ள குறியில் எல்லாப் பக்கமும் படும்படி மெதுவாகத் தடவுங்கள். ஒரு பக்கம் மட்டும் பட்டால் காய் கோணலாக வளரும். ஒரு பெண் பூவுக்கு இரண்டு ஆண் பூ செலவழிப்பதில் தவறில்லை. எட்டு மணிக்குள் முடித்துவிடுங்கள். சில நாட்களில் காம்பு தடித்து, பிஞ்சு பளபளப்பாகப் பருக்கத் தொடங்கினால் பிடித்துவிட்டது என்று அர்த்தம்.

ஒன்றை மட்டும் பிரித்துப் பாருங்கள். விழுந்த பிஞ்சை வெட்டும்போது உள்ளே வெள்ளைப் புழு நெளிந்தால் அது பழ ஈயின் வேலை. புழு இல்லாமல் வெறுமனே வாடியிருந்தால் மகரந்தம் கிடைக்கவில்லை. இரண்டுக்கும் வைத்தியம் வேறு வேறு.

புடோல் பந்தலில் பகல் முழுக்கத் தேனீ பறக்கிறது, காய் மட்டும் குறைவு. ஏன்?

புடோலின் நேரம் பகல் இல்லை. பொழுது சாயும்போதுதான் அதன் வெள்ளைப் பூ விரியும். இதழின் ஓரத்தில் நூல் நூலாகத் தொங்கும் அலங்காரம் விரிந்து வருவதை அந்தி வெளிச்சத்தில் ஒருமுறை பாருங்கள், அவ்வளவு அழகு. வெள்ளை நிறமும் இரவு மணமும் அந்துப்பூச்சிகளுக்கானவை. சுரையும் பீர்க்கும்கூடப் பின்னேரத்தில்தான் பூக்கின்றன. பாகல் மட்டும் காலைக்காரன்.

பந்தலுக்கு மேலேயே பிரகாசமான எல்ஈடி விளக்கு எரிந்தால் அதை அணைத்துப் பாருங்கள். சுவிற்சர்லாந்தில் செய்து 2017இல் வெளியான ஓர் ஆய்வில், விளக்கு வைத்த புல்வெளிகளில் இரவுப் பூச்சிகளின் வருகை 62 சதவீதம் குறைந்திருந்தது. அங்குள்ள பூச்சிகள் வேறு, நம் பூச்சிகள் வேறு என்பது சரிதான். ஆனால் ஒரு விளக்கை அணைத்துப் பார்க்க என்ன செலவு? கைச் சேர்க்கை செய்வதானால் புடோலுக்கு இருட்டிய பிறகு ரோர்ச்சோடு போக வேண்டும்.

கத்தரியும் தக்காளியும் பூத்துப் பூத்து உதிர்கின்றன. தேன்கூடு வைத்தால் சரியாகுமா?

தேன்கூடு வைப்பது நல்ல காரியம். ஆனால் இந்தப் பிரச்சினை அதனால் தீராது. கத்தரி, தக்காளிப் பூவின் மகரந்தம் சும்மா தொட்டால் வெளியே வராது. கத்தரியில் மகரந்தக்கூட்டின் நுனியில் சின்னத் துவாரம் மட்டுமே உண்டு. உள்ளே இருக்கும் தூள் வெளியே வரப் பூ அதிர வேண்டும். தேன்கூட்டுத் தேனீக்கு அந்த வித்தை தெரியாது. தெரிந்தவை, மரத்தைத் துளைத்துக் குடியிருக்கும் பெரிய கறுப்புத் தேனீயான கருவண்டும், வயிற்றில் நீலக்கோடு போட்ட, தனியே வாழும் ஒரு தேனீயும்.

காலையில் கத்தரிப் பாத்திக்குப் பக்கத்தில் நின்றால் அதைக் காதாலேயே கேட்கலாம். பறக்கும்போது ஒரு சத்தம். பூவைக் கட்டிப்பிடித்ததும் சத்தம் சட்டென்று உச்சத்துக்கு ஏறும். இறக்கையை அசைக்காமல், பறக்கும் தசையை மட்டும் நடுக்கிப் பூவை அதிர வைக்கிறது. மஞ்சள் தூள் வயிற்றில் கொட்டுகிறது, அடுத்த பூவுக்குப் போகிறது. ஒரு பூவில் நிற்பது ஓரிரண்டு விநாடிதான். பற்றரியில் ஓடும் பல் தூரிகையின் முதுகைப் பூக்காம்பில் வைத்தாலும் இதே வேலை நடக்கும், தக்காளியில் குறிப்பாக.

கத்தரியில் இன்னொரு சங்கதி உண்டு. சில பூக்களில் குறி, மஞ்சள் கூம்புக்கு வெளியே நீட்டிக்கொண்டு நிற்கும். அவை காய்க்கும். சிலவற்றில் தம்பம் குட்டையாகி, குறி கூம்புக்குள் மறைந்திருக்கும். அவை எப்படியும் உதிரும், யார் மீதும் குற்றமில்லை.

அப்புறம் வெயில். ஆனி, ஆடியில் கச்சான் காற்று அனலாக அடிக்கும்போது தக்காளியின் மகரந்தம் பழுதாகிவிடும். பகல் 32 பாகைக்கு மேல் போய், இரவும் குளிராவிட்டால் காய் பிடிப்பது வெகுவாகக் குறையும். அந்த மாதங்களில் தக்காளியோடு மல்லுக்கட்டாமல் வெண்டியும் பயிற்றையும் போடுவதே புத்தி.

பாகலுக்குப் பக்கத்தில் கெக்கரி நட்டால் கெக்கரிக்காய் கசக்குமாமே?

கசக்காது. இரண்டும் ஒரே குடும்பம் என்றாலும் ஒன்றின் மகரந்தம் மற்றதைக் கருக்கட்டாது. கட்டினாலும் நாம் உண்ணும் சதை தாய்க்கொடியினுடையதே. கலப்பு வித்துக்குள் மட்டும்தான் இருக்கும். கெக்கரி கசப்பது அதன் சொந்தச் சாரத்தால். தண்ணீர் தவறினாலும் வெயில் மிஞ்சினாலும் அது கூடும். ஒழுங்காகத் தண்ணீர் விடுங்கள்.

சோளம் மட்டும் விதிவிலக்கு. அங்கே நாம் உண்பதே வித்து என்பதால், பக்கத்து வயலின் மகரந்தம் மணியின் நிறத்தை அந்த வருடமே மாற்றிவிடும்.

இதோடு ஒரு எச்சரிக்கை: சுரைக்காய் கடுமையாகக் கசந்தால் உண்ண வேண்டாம், சாறு பிழிந்து குடிக்கவே வேண்டாம். அந்தக் கசப்பு நஞ்சு. ஆளைக் கடுமையாக வருத்தும், உயிரும் போயிருக்கிறது.

பப்பாசி நீளக் காம்பில் கொத்துக் கொத்தாகப் பூக்கிறது, ஒரு காயும் இல்லை. ஆணி அடித்தால் காய்க்குமா?

அது ஆண் மரம். பப்பாசியில் ஆண், பெண், இரண்டும் சேர்ந்த பூவுள்ள மரம் என்று மூன்று வகை உண்டு, பூக்கும்வரை பிரித்தறிய முடியாது. காலநிலை மாறும்போது சில ஆண் மரங்கள் தாமாகவே நீளக் காம்பில் ஒன்றிரண்டு காய் விடும். அந்த நேரம் ஆணி அடித்தவருக்கு ஆணிதான் காய்த்தது என்று தோன்றும். அடிக்காதீர்கள், காயத்தால் அழுகல் புகும். ஒரு குழியில் மூன்று கன்று வைத்து, பூத்த பிறகு பார்த்து ஒன்றை விடுவதே வழி. வளவில் பெண் மரங்கள் இருந்தால் ஓர் ஆண் மரத்தை வெட்டாமல் வையுங்கள். அந்தியில் வரும் அந்துப்பூச்சிகள் அதிலிருந்துதான் மகரந்தம் எடுக்கும்.

பனையிலும் ஆண் பெண் உண்டு. தென்னையில் ஏன் இல்லை?

தென்னையில் இரண்டும் ஒரே பாளைக்குள் இருக்கின்றன. பாளை வெடித்ததும் கிட்டப் போய்ப் பாருங்கள். கிளைகளின் மேல்பக்கம் முழுக்க அரிசி அளவில் ஆயிரக்கணக்கான ஆண் பூக்கள். அடியில் உருண்டையாகச் சில பெண் பூக்கள், அவைதான் குரும்பை. நெட்டைத் தென்னையில் ஆண் பூக்கள் முதலில் விரிந்து, ஏறத்தாழ மூன்று வாரத்தில் உதிர்ந்து முடிகின்றன. அதற்குப் பிறகுதான் பெண் பூக்கள் மகரந்தம் ஏற்கத் தயாராகும். அதாவது தன் பாளையின் மகரந்தம் தனக்கே பட வாய்ப்பில்லாமல் மரம் பார்த்துக்கொள்கிறது. பக்கத்து மரத்திலிருந்து தேனீயும் காற்றும் கொண்டுவர வேண்டும். குட்டைத் தென்னையில் இரண்டு காலமும் ஒன்றோடொன்று மேவும். அதனால் தன் மகரந்தத்தாலேயே அது காய்க்கும், வித்தும் தாய் மாதிரியே வரும்.

குரும்பை கொஞ்சம் உதிர்வது வழமை. எல்லாவற்றையும் தாங்க மரத்தால் இயலாது.

பனைக்கு வருவோம். விதைத்துப் பன்னிரண்டு வருடமோ இருபது வருடமோ கழித்து முதல் பாளை வரும்போதுதான் அது ஆணா பெண்ணா என்று தெரியும். ஆண் பனை விரல் விரலாகத் தடித்த பாளை விடும். நுங்கு இல்லை, ஆனால் கள்ளும் பதநீரும் ஆண் பனையிலும் இறக்கலாம். நுங்கு தராது என்று ஆண் பனைகளைக் கண்டபடி தறித்தால், சுற்றியுள்ள பெண் பனைகளுக்கு மகரந்தம் எங்கிருந்து வரும்? வீட்டு வேலைக்குத் தறிக்கும்போது இதை யோசிக்க வேண்டும் என்று மனதாரக் கேட்டுக்கொள்கிறேன்.

மாமரம் வெள்ளையாகப் பூத்தது, காய் கைவிரலில் எண்ணலாம்.

ஒரு மாம்பூக் கொத்தில் ஆயிரத்துக்கு மேல் பூ இருக்கும். அதில் பாதிக்கு மேல் ஆண் பூவாகவே இருக்கலாம். நூற்றுக்கு ஒன்று காயானால் அதுவே நல்ல காய்ப்பு. மாம்பூவின் முக்கிய விருந்தாளி தேனீ இல்லை, ஈ. ஈ மொய்க்கிறது என்று மருந்தடிப்பவர்களைப் பார்த்தால் எனக்கு வயிறு எரியும். நம் பக்கம் மாரி மழை தை வரைக்கும் இழுத்தால், முந்திப் பூத்த கொத்துகளில் மகரந்தம் நனைந்து கெடும், பூஞ்சணமும் பிடித்துக் கொத்துக் கறுக்கும். பிந்திப் பூக்கும் மரங்கள் அந்த வருடம் தப்பிக்கொள்ளும்.

நெல்லுக்குத் தேனீ வேண்டுமா?

வேண்டாம். நெல் தன் மகரந்தத்தையே பயன்படுத்திக்கொள்ளும். ஆனால் நெல்லும் பூக்கிறது என்பதையே பலர் கவனிப்பதில்லை. தம்பலகாமம் வயலில் கதிர் வெளியே வந்த காலத்தில், காலை ஒன்பது மணியிலிருந்து மதியத்துக்குள் வரம்பில் குனிந்து பாருங்கள். உமி இரண்டாகப் பிரிந்து, வெள்ளை மகரந்தக்கூடுகள் வெளியே தொங்கும். ஒரு பூ ஒரு மணி நேரம் போலத் திறந்திருந்து மூடிக்கொள்ளும். வெளியே வந்த மகரந்தம் சில நிமிடங்களே உயிரோடு இருக்கும்.

அந்த நேரம் வெயில் 35 பாகையைத் தாண்டினால் மகரந்தக்கூடு சரியாக வெடிக்காது, மணி பிடிக்காமல் பதராகிவிடும். சிறுபோகத்தில் பதர் கூடுவதற்கு இது ஒரு காரணம். பூக்கும் நேரம் வயலுக்குள் இறங்கி மருந்தடிக்க வேண்டாம் என்று பெரியவர்கள் சொல்வது, திறந்திருக்கும் பூவின் மகரந்தம் கெட்டுவிடக் கூடாது என்பதால்தான். கட்டாயம் என்றால் பின்னேரம் அடியுங்கள்.

வாழைக்கு?

நாம் உண்ணும் வாழை மகரந்தம் இல்லாமலே பழுக்கும். அதனால்தான் வித்தில்லை. சீப்பெல்லாம் வந்து முடிந்த பிறகு பொத்தியை வெட்டிக் கறி வையுங்கள், குலைக்கு ஒரு குறையும் வராது.

அத்தி பூத்தாற்போல என்கிறார்கள். அத்தியும் ஆலும் உண்மையில் பூப்பதில்லையா?

பூக்கின்றன, உள்ளுக்குள். நாம் அத்திப்பழம், ஆலம்பழம் என்று சொல்வது உட்புறமாக மூடிக்கொண்ட ஒரு பூங்கொத்து. பிரெட்ரிக் கோட்டைக்குள், மான்கள் படுத்திருக்கும் ஆல நிழலில் பச்சையாக விழுந்து கிடக்கும் காய் ஒன்றைப் பிளந்து, உருப்பெருக்கிக் கண்ணாடியால் பாருங்கள். சுவரெங்கும் நூற்றுக்கணக்கான குறும்பூக்கள் உள்நோக்கி நிற்கும்.

அதற்குள் போகத் தெரிந்தது ஒரேயொரு குளவி, எறும்பிலும் சிறியது. பெண் குளவி காயின் வாயிலுள்ள இறுகிய துவாரத்தால் நுழையும்போது இறக்கையும் முறிந்துபோகும். தான் பிறந்த மரத்திலிருந்து கொண்டுவந்த மகரந்தத்தைப் பூக்களில் இட்டு, சில பூக்களில் முட்டையும் இட்டு, அங்கேயே சாகும். பிறகு பொரிக்கும் குஞ்சுகளில் இறக்கையில்லாத ஆண் குளவிகள் முதலில் வந்து பெண்களோடு சேர்ந்து, சுவரில் வழி குடைந்துவிட்டு இறந்துபோகின்றன. பெண் குளவிகள் மகரந்தத்தைச் சுமந்து அந்த வழியால் பறந்து வேறு மரத்துக்குப் போகின்றன. ஆலுக்கு உரிய குளவி வேறு, அரசுக்கு உரியது வேறு. அந்தக் குளவி அற்றுப்போனால் மரம் நின்றபடி மலடாகும். அதன் பழத்தை நம்பியிருக்கும் வௌவாலும் குயிலும் பட்டினி கிடக்கும்.

கோணேசர் கோயிலுக்கென்று தினமும் பூப் பறிக்கிறோம். செடிக்குப் பாவம் இல்லையா?

செவ்வரத்தை, நந்தியாவட்டை, மல்லிகை இவற்றைத் தாராளமாகப் பறியுங்கள். நாம் வளர்க்கும் அடுக்கு வகைகளில், மகரந்தக்கூட்டைத் தாங்கும் கேசரங்கள் இதழாகவே மாறிவிட்டதால் வித்து வைப்பது அரிது. தடி வெட்டி நட்டே பெருக்குகிறோம். வித்தால் பெருகும் செடியென்றால் கொஞ்சம் பூவை விட்டுவிடுங்கள். ஒற்றைச் செவ்வரத்தையில் ஒரு கிளையை மட்டும் தொடாமல் விட்டால் காலையில் தேன்சிட்டு வரும். சிவப்பு நிறமும் அடியில் ஊறும் தேனும் அதற்குத்தான். தேனைக் குடிக்கும்போது நெற்றியில் ஒட்டும் மஞ்சள் தூளோடு அது அடுத்த வீட்டுக்குப் பறக்கும்.

மாடிச் சுவரில் தேன்கூடு கட்டியிருக்கிறது. எரித்துவிடலாமா?

எரிக்க வேண்டாம். முதலில் எது என்று பாருங்கள். உயரத்தில் ஒற்றை அடையாகப் பெரிதாகத் தொங்கினால் அது மலைத்தேனீ. அதற்குக் கிட்டப் போகவே கூடாது, கூட்டமாகத் துரத்திக் கொட்டும். பிள்ளைகள் நடமாடும் இடமென்றால் பழக்கமுள்ளவரைக் கூப்பிட்டு இருட்டில் அகற்றுங்கள். பொந்துக்குள் பல அடைகளாக இருந்தால் வீட்டுத்தேனீ, அதைப் பெட்டிக்கு மாற்றலாம். செடிக் கொம்பைச் சுற்றிக் கையளவு அடை என்றால் கொம்புத்தேனீ. சுவர் வெடிப்பில் மெழுகுக் குழாய் வைத்து, கறுப்பாக எள்ளளவு பூச்சிகள் போய்வந்தால் கொசுத்தேனீ. அதற்குக் கொடுக்கே இல்லை, விட்டுவிடுங்கள்.

இந்தக் கூட்டுத் தேனீக்களைத்தான் நமக்குத் தெரியும். ஆனால் இலங்கையில் ஏறத்தாழ 150 தேனீ இனங்கள் இருக்கின்றன. பெரும்பாலானவை தேன் சேர்த்து வைக்காமல், மண்ணிலோ காய்ந்த தண்டிலோ தனியே கூடு வைப்பவை. வளவு முழுக்கச் சீமெந்து போட்டுவிட்டுப் பூச்சி வரவில்லை என்றால் அது எங்கே குடியிருக்கும்? ஒரு மூலையில் வெறும் மண்ணை விடுங்கள். கருவண்டு துளைத்த பழைய கதியாலைப் பிடுங்காதீர்கள். கிளிசிறிடியா வேலியின் பூவும் கருவண்டுக்கு நல்ல தீன்.

தேனீ இல்லாமல் போனால் பட்டினியா?

சோறு இருக்கும். நெல், கோதுமை, சோளம் மூன்றும் பூச்சியை நம்பியவை அல்ல. ஆனால் உலகின் முக்கியமான உணவுப் பயிர்களில் நாலில் மூன்று பங்கு, கூடவோ குறையவோ விலங்குகளின் மகரந்தச் சேர்க்கையால் பயன்பெறுகின்றன. விளைச்சலின் நிறையில் பார்த்தால் அந்தப் பயிர்களிலிருந்து வருவது 35 சதவீதம். நம் தட்டில் பூசணி, பாகல், கத்தரி, புளி, வத்தகப்பழம், கொடித்தோடை எல்லாம் அந்தப் பக்கம். சோறு மிஞ்சும், கறி போய்விடும்.

அப்படியானால் மருந்தே அடிக்கக் கூடாதா?

விரிந்த பூவில் அடிக்கக் கூடாது. பூசணி, பாகல், வெண்டிக்கு அடிக்க வேண்டி வந்தால் பூ வாடிய பிறகு, பின்னேரம். ஆனால் அதே பந்தலில் புடோலும் சுரையும் இருந்தால் பின்னேரம்தான் அவற்றின் பூ விரியும், அங்கே இந்த விதி செல்லாது. அதனால்தான் பழ ஈக்கு மருந்தைவிடப் பொறி வைப்பதும், பிஞ்சு பிடித்ததும் கடதாசிப் பை கட்டுவதும், புழு விழுந்த காய்களைப் பொறுக்கி ஆழமாகப் புதைப்பதும் நல்லது என்கிறேன். பையைப் பூவுக்குக் கட்டிவிடாதீர்கள், சேர்க்கை முடிந்த பிறகே கட்ட வேண்டும். எந்த மருந்து என்று தெரியாவிட்டால் உங்கள் பகுதி விவசாயப் போதனாசிரியரிடம் காயோடு போய்க் கேளுங்கள்.

கடலுக்குள்ளும் பூ பூக்கும் என்று மகள் சொல்கிறாள். உண்மையா?

உண்மைதான், நன்றாகச் சொன்னாள். கரையோர ஆழமில்லாத கடலில் வளரும் கடற்புல், பாசி இல்லை. வேர், பூ, வித்து எல்லாம் உள்ள பூக்கும் தாவரம். தண்ணீர்தான் அதன் மகரந்தத்தைக் கொண்டுபோகிறது. பல இனங்களில் மகரந்தமணி உருண்டையாக இல்லாமல் மயிரிழையாக நீண்டு, நீரோட்டத்தில் மிதந்து போய்க் குறியில் சுற்றிக்கொள்ளும். மெக்சிகோக் கரையில் ஒரு கடற்புல் இனத்தில், இரவில் வரும் மிகச் சிறிய கடற்பிராணிகளும் மகரந்தத்தைக் கொண்டுபோவதை 2016இல் ஆய்வாளர்கள் காட்டினார்கள். இழுவை வலை கடற்புல்லைப் பிடுங்கும்போது மீன்குஞ்சுகளின் மறைவிடத்தோடு இந்தப் பூந்தோட்டமும் போகிறது.

நல்ல பூசணி ஒன்றிலிருந்து வித்து எடுத்து வைத்தேன். அடுத்த போகம் காய் வேறு மாதிரி வந்துவிட்டது.

இரண்டு காரணம் இருக்கலாம். கடையில் வாங்கிய வித்துப் பக்கற்றில் எஃப்1 என்று போட்டிருந்தால் அது கலப்பினம். அதன் வித்து தாய் மாதிரி வராது. நாட்டு இனம் என்றால், தேனீ பக்கத்து வளவுப் பூசணியின் மகரந்தத்தைக் கொண்டுவந்திருக்கும். உங்கள் காயின் சதையில் அது தெரியாது, அடுத்த தலைமுறையில்தான் தெரியும்.

இனம் மாறாமல் வேண்டுமென்றால் முதல் நாள் பின்னேரம் கொடியைப் பாருங்கள். மறுநாள் விரியப் போகும் மொட்டின் நுனி மஞ்சளாகியிருக்கும். அப்படி ஒரு பெண் மொட்டையும், வேறு கொடியில் இரண்டு ஆண் மொட்டையும் தெரிந்து, நுனியை நூலால் கட்டிவிடுங்கள். விடிந்ததும் கட்டை அவிழ்த்து, முன்னே சொன்ன மாதிரித் தடவி, பெண் பூவின் இதழை மறுபடி மூடிக் கட்டுங்கள். காம்பில் ஒரு நிறத்துணி கட்டி அடையாளம் வையுங்கள், இல்லாவிட்டால் யாராவது கறிக்குப் பறித்துவிடுவார்கள். காய் நன்றாக முற்றி, காம்பு காய்ந்து கட்டையான பிறகு பறித்து, இன்னும் சில வாரம் நிழலில் வைத்துத்தான் வெட்ட வேண்டும். வித்தைக் கழுவி நிழலில் காயவைத்து, இனத்தின் பெயரையும் மாதத்தையும் எழுதிப் போத்தலில் அடையுங்கள். பயிற்றைக்கு இந்தப் பாடு இல்லை, அது பெரும்பாலும் தன் மகரந்தத்தையே ஏற்கும். மிளகாய்க்கு மட்டும் கவனம் வேண்டும்: இரண்டு இனம் பக்கத்தில் நின்றால், வித்துக்கு விடும் செடியை மெல்லிய நுளம்பு வலையால் மூடிவிடுங்கள்.